முதலைக்கு ஏது ஊர்

கண்டனூர் காளைராசுக்கு முதன்முதலில் மைக் கொடுத்தவன் நான்.
வாடகைக்குத்தான். இன்னும் தரவில்லை.

அப்போது அவன் காரைக்குடி பஸ் ஸ்டாண்டில் ஆள் ஏற்றிக்கொண்டிருந்தான்.
தேவகோட்டை திருவாடானை தொண்டி,
தேவகோட்டை திருவாடானை தொண்டி.
தொண்டி என்கிறபோது மட்டும் தொண்டையில்
கடல் கொஞ்சம் தளும்பும்.
சும்மா நின்றவனும் ஏறிவிடுவான்.
ஏறிய ஒருவன் தொண்டியிலிருந்து கடிதமே போட்டானாம்,
மீன் நன்றாயிருக்கிறதென்று.
(காளைராசு சொன்னது. நம்ப வேண்டாம்.)

மேடையில் மற்றவர்கள் நடிகர்களைப் போலப் பேசினார்கள்.
இவன் செய்தது
கலெக்டர் வந்திருக்கையில் தாசில்தாரின் வயிறு,
மாவு வழித்த பிறகும் ஓடுகிற கிரைண்டர்,
மொய் எழுதுகிறவர் தொகையைப் பார்த்துவிட்டுப்
பெயரை வாசிக்கிற தோரணை.
கொப்புடையம்மன் தேரோட்டத்து இரவில்
ஆம்ப்ளிஃபயர் எரிகிற சத்தம் போட்டான்.
நான் ஓடிப்போய் ஒயரைப் பிடுங்கினேன்.
கூட்டம் என்னைப் பார்த்துச் சிரித்தது.
இவன் ஊரில் தங்கமாட்டான் என்று அன்றைக்கே தெரிந்துவிட்டது.

வடபழனியில் ஒரு கண்ணாடி அறை.
ஒரு ஸ்டூல், ஒரு சொம்புத் தண்ணீர்.
திரையில் பச்சை முதலை ஒன்று
சத்தமில்லாமல் வாயைத் திறந்து திறந்து மூடியது.
எந்த நாட்டிலோ எவனோ வரைந்தது. பெயர் குப்லா.
விழுகிற சத்தம், விழுங்குகிற சத்தம்,
தண்ணீருக்குள் அழுகிற சத்தம்.
அதற்கு வாய் நிறையத் தண்ணீர் வைத்துக்கொள்வான்.
எபிசோடுக்கு எழுநூறு ரூபாய்,
அழுகைக்குத் தனியாக ஒன்றும் கிடையாது.

"பொதுத் தமிழில் பேசு" என்றார் டைரக்டர்,
"முதலைக்கு ஏது ஊர்?"
தலையாட்டினான். பேசினான். நாக்கு நழுவியது.
"என்ன செய்றிய?" என்றது முதலை.
"சாப்பிட்டியளா? எங்கெ போறிய?"
தவளையைக்கூட மரியாதையாக விசாரித்துவிட்டுத்தான்
தின்னப் பார்த்தது.

நாற்பதாவது எபிசோடில் டைரக்டருக்கு உறைத்தது.
அதற்குள் கோயம்புத்தூரில் நாலு வயசுப் பையன்
கோலப்பொடி டப்பாவோடு போன அம்மாவை
"எங்கெ போறிய?" என்று கேட்டாயிற்று.
அவளும் பதில் சொல்லியாயிற்று.
முந்நூற்றுப் பன்னிரண்டு எபிசோட்.
பெயர் ஓடுகிற நேரத்தில் விளம்பரம் போட்டுவிடுவார்கள்.

சினிமாவிலும் வந்தான். மூன்று படம்.
இரண்டில் அடி வாங்கினான், ஒன்றில் வெட்டிவிட்டார்கள்.
கல்யாணம், மகள், தைராய்டு, ஒத்திக்கு எடுத்த வீடு,
எனக்குப் போனில் ஒவ்வொன்றையும் ஒவ்வொரு குரலில் சொல்வான்.
மனைவி பிரிந்துபோனதை மட்டும்
எந்தக் குரலில் சொல்வதென்று தெரியவில்லை போலும்.
லைனில் வெறும் இரைச்சல்.
எனக்குப் பழகிய இரைச்சல்தான்,
எர்த் சரியில்லாத இடத்தில் வரும்.

போன தையில் கானாடுகாத்தானில் ஒரு கல்யாணம்.
நாள் வாடகைக்குப் பெரிய வீடு. மைக் செட் நான்.
சின்னத்திரை புகழ் என்று பத்திரிகையில் போடவைத்ததும் நான்.
தாசில்தாரின் வயிறு எடுபடவில்லை.
கந்தரப்பம் சூடாக வருகிறதென்று யாரோ சொல்லப்
பாதிக் கூட்டம் எழுந்தது.
பிறகு கரண்ட் போனது.
ஜெனரேட்டர்காரன் டீ குடிக்கப் போயிருந்தான்.
இருட்டில் ஒரு பிள்ளை வீறிட்டது. அதைக் கேட்டு இன்னும் இரண்டு.
மைக் செத்துக் கிடக்க என்னால் ஆவதென்ன?
முற்றத்துப் பக்கமிருந்து, நிதானமாக,
தண்ணீர் தளும்பும் குரலில்:

"ஏன் அழுறிய?"

அழுகை நின்றது.
"குப்லா" என்றது ஒன்று.
"எங்கெ இருக்கிய?" என்றது இன்னொன்று.
"தண்ணிக்குள்ளெ. சாப்பிட்டியளா?"
"இல்லெ."
"நானும் இல்லெ. கொஞ்சம் கிட்டெ வாறியளா?"
அலறிக்கொண்டே சிரித்தன.

பதினோரு நிமிஷம் கழித்து வெளிச்சம் வந்தது.
வழுக்கை, கசங்கின கோட்டு, கையில் காலி டம்ளர்.
பிள்ளைகள் அவனைத் தாண்டி ஓடி
முற்றத்து வாளிகளைக் கவிழ்த்துத் தேடின.
அவனும் கூடவே குனிந்து அண்டாவுக்குள் எட்டிப் பார்த்தான்.
சொல்ல வெட்கமென்ன,
ஸ்பீக்கர் பெட்டிக்குப் பின்னால்
நானும் ஒருதரம் பார்த்தேன்.