திருத்தி எழுதினால் ஐம்பது

மெக்சிகோ நகரம், சாந்தோ தொமிங்கோ சதுக்கம்,
வளைவுகளின் கீழே ஏழாவது மேசை என்னுடையது.
பக்கத்துக்கு நாற்பது பெசோ.
திருத்தி எழுதினால் ஐம்பது.
புதிதாக எழுதுவதைவிட
எழுதியதை மாற்றுவதில்தான் முதுகு வலிக்கிறது.

எலெயுதேரியோ டயருக்குப் பஞ்சர் ஒட்டுகிறவன்.
நான்காய் மடித்த தாளை நீட்டினான்,
மடிப்பெல்லாம் கரி.
"அண்ணனுக்கு மூன்று தடவை அனுப்பிவிட்டேன்,
பதிலில்லை.
விஷயம் அதுவே இருக்கட்டும் செனோரா,
சொற்களை மட்டும் மாற்றிக் கொடுங்கள்."

'அன்றைக்கு உன்னிடம் வாங்கிய கடன்'
என்று தொடங்கியிருந்தது.

கடன் என்றால் வட்டி வாசனை அடிக்கும்,
கூடப்பிறந்தவனுக்கு வேண்டாம்.
பாக்கி, மளிகைக்காரன் சுவரில் சாக்பீஸால் கிறுக்குவது.
நிலுவை முத்திரை குத்திக்கொண்டு தபாலில் வரும்.
கைமாற்று நல்ல சொல்:
ஒரு கையின் சூடு ஆறுவதற்குள்
திரும்பிவிடும் என்கிற நம்பிக்கை அதற்குள் உண்டு.
"எத்தனை வருஷம்?"
"பதினொன்று."
கைமாற்றையும் அடித்தேன்.

அடுத்து, 'வருந்துகிறேன்'.
அது இரங்கல் அட்டைக்குரியது,
பக்கத்துக் கடை ரெஃபூஹியோ
நாளைக்கு இருநூறு அச்சடிக்கிறாள்.
'மன்னித்துவிடு' அவனுக்கு ஒரு வேலை வைக்கிறது.
'பொறுத்துக்கொள்'?
பதினொரு வருஷமாக வேறென்ன செய்தானாம்?
'கெஞ்சுகிறேன்' முழங்காலில் நிற்கும்,
படிக்க அண்ணன் குனிய வேண்டியிருக்கும்.
'கேட்கிறேன்' போதும்.
அதில் ஒரு வாயும் இருக்கிறது, ஒரு காதும் இருக்கிறது.

மறுபடி முதல் வரி.
கடனை எடுத்துவிட்டதில்
'வாங்கிய' தனியாக நின்றது.
வாங்கிய, பெற்ற, பெற்றுக்கொண்ட.
எதைப் போட்டாலும்
எதிரே ஒருவன் கைநீட்டிக் கொடுக்கிறான்.
"கொடுத்தானா அவன்?" என்றேன்.
சொல்லுக்காகத்தான் கேட்டேன்,
வழக்கு விசாரிக்க அல்ல.

சர்க்கரைவள்ளி வண்டியின் நீராவி விசில்
சதுக்கம் முழுக்க ஊளையிட்டு ஓயும்வரை
அவன் வாய் திறக்கவில்லை.
"எடுத்தேன்.
லாரி வாங்கச் சேர்த்து வைத்திருந்தான்,
மாவு டப்பாவில்.
தூங்கிக்கொண்டிருந்தான்."

எடுத்தேன்.
யாருக்கும் வலிக்காத வினை.
மேசையிலிருந்து பேனாவை எடுக்கலாம்,
அழுகிற பிள்ளையை இடுப்பில் எடுக்கலாம்.
அதற்கு அடுத்த நாற்காலியில்
இன்னொன்று உட்கார்ந்திருப்பது
அவனுக்கும் தெரியும்.
நான் சொல்லவில்லை.
மற்ற சொற்களை நான் தேடித் தருவேன்,
ஐம்பதுக்கு அதுவும் சேர்த்தி.
இதை அவன்தான் கொண்டுவர வேண்டும்.

விசைகள்மேல் விரல் வைத்துக் காத்திருந்தேன்.

பேனாவை வாங்கிக்கொண்டான்.
தாளின் ஓரத்தில், கரி படாத இடம் தேடி,
ஒரு குறி விட்டுப்போன எழுத்துப்பிழையோடு
எழுதிக் காட்டினான்.
பிறகு மற்ற வரிகள்மேல் தானாகவே கோடிழுத்தான்,
நான் அரைமணி நேரம் பார்த்துப் பார்த்து வைத்த
'கேட்கிறேன்' உட்பட.

தட்டினேன்.
'ஃபிடென்சியோ, திருடினேன்.
மாவு டப்பாவிலிருந்து. நீ தூங்கும்போது.
மாதம் எண்ணூறு அனுப்புவேன்.
எலெயுதேரியோ.'
என் இயந்திரத்தில் ர விசை
வரிக்கு மேலே ஏறி விழும்.
சரி செய்யத் தோன்றவில்லை.

"கால் பக்கம்கூட வரவில்லையே" என்றான்,
"இதற்கும் ஐம்பதா?"
"திருத்தியதுதானே."

சட்டைப் பையில் துழாவி
கசங்கிய தாளொன்றை நீவி
கைநீட்டிக் கொடுத்தான்.
ரசீதில் எழுதினேன்:
பெற்றுக்கொண்டேன்.