எச்சம்

ஓவ்லு நகரில், பிப்ரவரி இரவு இரண்டு மணிக்கு
கடலில் நிற்கும் ஒரு கலங்கரை விளக்கத்தை
நாற்பத்தோராயிரம் முக்கோணங்களாக
வெட்டி வைத்திருக்கிறாள் தைமி ஓயாகங்காஸ்.

முனைக்கு ஓர் எண்.
எந்த எண்ணுக்கும் அண்டை வீட்டோடுதான் பேச்சு.
அடியில் விழுந்த அடி
கைமாறிக் கைமாறித்தான் உச்சிக்குப் போகவேண்டும்.

பனிப்பாளம் தள்ளுகிறது,
நொறுங்குகிறது, மூச்சு வாங்குகிறது, மறுபடி தள்ளுகிறது.
நேரத்தையும் நறுக்கியிருக்கிறாள்,
வினாடிக்கு ஆயிரம் துண்டு.
முந்நூற்றுப் பன்னிரண்டாம் துண்டில்
கோபுரம் ஆடி, பிய்ந்து,
கடலைவிடப் பெரிய எண்ணாகிப் பறந்துபோனது.

குவியவில்லை என்றது கணினி.

வலையை நெருக்கினாள்.
குவியவில்லை.
துண்டுகளைப் பாதியாக்கினாள், பழைய காப்பியைச் சூடாக்கினாள்.
குவியவில்லை.

வியாழக்கிழமை உர்ப்போவின் பனிவண்டியில்
உறைந்த கடல்மேல் பதினெட்டுக் கிலோமீட்டர்.
கோபுரத்து மானிகளுக்கு பேட்டரி மாற்றுவது அவன் வேலை.
சமன்பாடுகளோடு அவனுக்குப் பழக்கமில்லை.
படிக்கட்டில், போன கோடையின் கடற்காக எச்சம்
கல்லாய் இறுகிக் கிடந்தது.

அடித்தளத்து இரும்புத் தரையில்
பிளாஸ்க் மூடியை வைத்துக் காப்பி ஊற்றினான்.
பார் என்றான்.
வட்டம் வட்டமாய் நடுங்கியது காப்பி.

"இங்கேயா?
இங்கே அசைவு பூஜ்யம் என்று எழுதியிருக்கிறேனே."

"யாரைக் கேட்டு?"

அப்புறம் அவனே சொன்னான்,
கீழே சேறுதான், நல்ல ஆழம்.

அன்றிரவு அடிவரிசையின் அறுபத்து நான்கு பூஜ்யங்களை
ஒவ்வொன்றாக அழித்தாள்.
ஒவ்வொன்றின் கீழும் ஒரு சுருள்வில், ஒரு தணிப்பான்.
சேறு எவ்வளவு விட்டுக்கொடுக்கும்?
ஊகித்தாள்.
பக்கத்தில் 'ஊகம்' என்று எழுதியும் வைத்தாள்.

முந்நூற்றுப் பன்னிரண்டு கடந்தது.
முந்நூற்றுப் பதின்மூன்று.
ஜன்னலுக்கு வெளியே பனிவாரி வண்டிகள் தெருவைச் சுரண்டத் தொடங்கியபோது
கோபுரம் ஆடியது, ஆனாலும் நின்றது.

குவிந்துவிட்டது.
என்றாலும் போய்ச் சேர்ந்துவிடவில்லை.
புள்ளிக்குப் பின் ஐந்து பூஜ்யம், அப்புறம் ஒரு நான்கு.
அதற்கும் எச்சம் என்றுதான் பெயர்:
வந்து, நின்று, பார்த்து என
முடிக்கும் சொல் வராமல்
வாசலில் காத்திருக்கும் வினைபோல.

அறிக்கையில் 'சரிபார்த்த கருவிகள்' பகுதியில்
மானிகளின் பட்டியலுக்குக் கீழே
பிளாஸ்க் மூடி, ஒன்று, உர்ப்போவுடையது
என்று சேர்த்தாள்.

மேலாளர் அதை அடித்துவிட்டார்.
நான்கை விட்டுவிட்டார்.