துபாஷி

சின்னப்பாலத்தில் ஆறாவது நாள்.
மொராக்கோவிலிருந்து வந்த நஜாத்
இடுப்பளவுத் தண்ணீரில்
கேமராவைத் தலைக்குமேல் பிடித்திருக்கிறாள்.

விரல்களில் துணி சுற்றிய பஞ்சவர்ணம்
முங்கி எழுகிறாள்.
கையில் ஒரு பிடி மரிக்கொழுந்துப் பாசி.
மறுபடி முங்கச் சொல்கிறாள் நஜாத்.
முகத்தில் வெயில் விழவில்லையாம்.

‘நடிக்கவா மூச்சப் பிடிச்சேன்?’
களைப்பாக இருக்கிறதாம் என்று
மாற்றிச் சொன்னேன்.
எனக்கு நாளைக்கு எண்ணூறு ரூபாய்.

கரையேறியதும்
சுருக்குப்பையிலிருந்து அபராத ரசீதுகள்.
வனத்துறை முத்திரை, தீவின் பெயர், தொகை,
ஒன்றில் மட்டும் பெயர் தப்பு: பஞ்சவரணம்.
பறக்காமலிருக்க
ஆளுக்கொரு சங்கை எடுத்து வைத்தார்கள்.

நஜாத் வெகுநேரம் எதையும் எடுக்கவில்லை.
பிறகு சொன்னாள்,
எங்கள் கடற்கரையிலும் பெண்கள்
சிவப்புப் பாசிக்காக முங்குகிறார்கள்,
என் சித்தியும்தான்.

அழுவார்கள் என்று நினைத்தேன்.
ஐந்து பேரும் ஒரே குரலில்
‘அங்க கிலோ என்ன வெல?’

அவளுக்குத் தெரியவில்லை.
அதை மட்டும்
கூட்டாமல் குறைக்காமல் சொன்னேன்.

‘சித்திகிட்ட கேட்டுச் சொல்லச் சொல்லு.’
நீர்க்கண்ணாடியில் எச்சில் துப்பித் தேய்த்தாள் பஞ்சவர்ணம்.
தண்ணீர் ஏறுவதற்குள்
இன்னும் அரைச் சாக்கு வேண்டும்.