பிழைதிருத்தம்

ஆயிரத்து நூற்று நாற்பது ஒலிநாடாக்கள்.
பெர்ன் நகரில், ஆய்வுக்கூடத்தின் நிலவறையில்,
வெந்நீர்க் குழாய் முனகும் சுவரோரம்
அவற்றுக்கும் எனக்குமாக ஒரே மேசை.
ஓடவிட வேண்டும். கணினியில் ஏற்ற வேண்டும்.
பெட்டியின் முதுகில் பச்சைப் புள்ளி ஒட்ட வேண்டும்.
ஒரு மணி நேரக் காட்டுக்கு
ஒரு மணி நேரச் சம்பளம்.

ரெகுலா அமானை நான் கண்டதில்லை.
குரல்தான் முதலில் வந்தது:
"லாங்னாவுக்கு மேலே. வடக்குச் சரிவு.
ஏப்ரல் பதினொன்று. ஐந்து இருபது. காற்று இல்லை."
ஒரு செருமல்.
பிறகு அவள் இல்லை,
காடு மட்டும்.

பால்பண்ணைக்காரர் மகள்.
பதினொரு கிலோ பதிவுக் கருவியைப்
பால் கேன் சுமக்கும் வாரில் கட்டி
முதுகில் ஏற்றியிருக்கிறாள்.
தொண்ணூற்று மூன்றாம் நாடாவில் ஒரு பேராசிரியர் குரல்:
"பெண்ணே, பேட்டரியை மாற்று."
தொண்ணூற்று நான்கிலிருந்து
அவள் தனியாகத்தான் போகிறாள்.

எழுபத்தொன்று, பிப்ரவரி ஏழு:
"பனி, முழங்கால்வரை.
இன்று எங்களுக்கு வாக்குரிமை கிடைத்துவிட்டது.
மரங்கொத்தி, இரண்டு."
அவ்வளவுதான்.
கொத்தும் சத்தம் தொடர்கிறது.

அவளுக்கு உயிர் பொன்முடிச் சிட்டு.
உச்சந்தலையில் மஞ்சள் கோடு,
எடை முக்கால் பவுன்கூடத் தேறாது.
ஊசியிலைக் கிளையின் நுனியில் தொங்கிக்கொண்டு
ஊசியைவிட மெல்லிய குரலில்
யாரையோ திட்டுவதுபோல் பாடும்.
அந்தப் பாட்டின் கிராமத்துக்கொரு பேச்சுவழக்கை
இருபத்தாறு ஆண்டு பிரித்துப் பிரித்துப் பார்த்தாள்.

எண்பத்தெட்டிலிருந்து மாறுகிறது.
"வடக்குச் சரிவு. பொன்முடி இல்லை."
"ஓடைக்கரை. இல்லை."
"இல்லை."
அந்த "இல்லை"களைக் கூட்டி
ஒரு கட்டுரை, ஒரு பரிசு,
புகையால் காடு சாகிறது என்று
நாடாளுமன்றத்தில் அதைக் காட்டிப் பேசினார்களாம்.

ஆனால் நான் கேட்டேனே.
"இல்லை" என்று அவள் சொல்லி முடிப்பதற்குள்
அவள் தலைக்கு மேலேயே
ஒன்று பாடுகிறது.
நிறுத்தினேன். திருப்பி ஓட்டினேன்.
பாடுகிறது.
அடுத்த நாடா. பாடுகிறது.
அதற்கடுத்தது. இரண்டு.

திருடன் கையைப் பிடித்தவன்போல்
மூன்று நாள் உள்ளுக்குள் துள்ளினேன்.
இயக்குநருக்கு எழுத
ஜெர்மன் வாக்கியங்களை டிராமில் கோத்தேன்.

எண்ணூற்று எழுபத்தொன்று வந்தது.
பக்கத்து வீட்டுப் பிள்ளையைக்
கூட்டிப் போயிருக்கிறாள்.
"பொன்முடி இல்லை" என்கிறாள்.
"கத்துதே," என்கிறது பிள்ளை.
"எங்கே?"
"அங்கேதான். இன்னும் கத்துதே."

பத்தொன்பது நொடி.
எண்ணிப் பார்த்துவிட்டேன், பலமுறை.
பத்தொன்பது நொடி
சிட்டு மட்டும் பேசுகிறது.
பிறகு, எப்போதும்போல் அதே குரலில்:
"பொன்முடி, ஒன்று.
கேட்டவர்: பேஆட், வயது ஏழு."

இதழைத் தேடி எடுத்தேன்.
கடைசிப் பக்கம், விளம்பரத்துக்குக் கீழே,
பொடி எழுத்தில் நாலு வரி:
என் முந்தைய கட்டுரையின் முடிவு தவறு.
பறவைகள் குறைந்தது காட்டில் அல்ல,
ஆய்வாளரின் காதில்.
பரிசுத் தொகை திருப்பி அனுப்பப்பட்டது.

ஜெர்மன் வாக்கியங்களை
டிராமிலேயே விட்டுவிட்டேன்.

அதன்பிறகும் இருநூற்று அறுபத்தொன்பது நாடாக்கள்.
பொன்முடிக்குப் பின் மரமேறியும் போயிற்று அவளுக்கு.
எல்லாக் குயிலும் இருந்தது, ஆந்தை இருந்தது,
மழை பாதி இருந்தது.
இடம், நாள், காற்று மட்டும் சொல்கிறாள்.
உண்டு, இல்லை என்பதே கிடையாது.
ஒருமுறை மட்டும், மூச்சு வாங்க:
"எனக்குக் கேட்கவில்லை.
கேட்கிறவர் குறித்துக்கொள்ளவும்."

யாரிடம் சொன்னாளோ.
அறையில் நானும் குழாயும்தான்.

படிவத்தில் "கேட்டவர்" என்றொரு கட்டம்.
இதுநாள்வரை அவள் பெயரையே
நகலெடுத்து நிரப்பியிருந்தேன்.
இன்று பேனாவைத் தட்டிவிட்டு எழுதினேன்:

பதிவு: அமான்.
கேட்டவர்: யோகராசா.
வடக்குச் சரிவு, காற்று இல்லை.
பொன்முடி, இரண்டு.