பதினோரு விநாடி

டப்பா மேல் எழுதியிருந்தது: பாலாறு, வெள்ளம்.
வருஷம் இல்லை. ஒலியும் இல்லை.
தோளில் சைக்கிளோடு ஒருவர்
இடுப்பளவுத் தண்ணீரில் நடக்கிறார்.
தோல் ஷெட் கழிவு பற்றிய எங்கள் படத்துக்கு
ஏழு விநாடி போதும்.
தண்ணீர்ச் சத்தம்
பவானியில் பதிந்து ஒட்டியது.

மேல்விஷாரம் மண்டபத்தில் திரையிட்டோம்.
கழிவைப் பற்றி யாரும் கேட்கவில்லை.
ஹபீபுன்னிசா எழுந்தார்:
"அது எங்க அத்தா.
கரை ஏறுறதுக்குள்ள ஏன் வெட்டினீங்க?"

மிச்ச நாலு விநாடியை
லேப்டாப்பில் காட்டினேன்.
அதிலும் ஏறவில்லை,
பிலிம் வெளுத்துவிடுகிறது.

"ஏறினாரு," என்றார்.
"மறுவருஷம்தானே நான் பொறந்தேன்.
சைக்கிள்தான் போச்சு."

திரும்பி வந்து
டப்பாமேல் வருஷம் எழுதினேன்.
பவானியை என்ன செய்வதென்றுதான்
தெரியவில்லை.