எண்ணிக்கை சுழியம்

டார்ட்டு நகர நில அளவை அலுவலகத்தில்
காலையில் எண்ட்லா, மாலையில் ராய்வோ.
கணினி ஒன்றுதான்.

பழைய செருகுநிரல் ஒன்றை அவள் நீக்கியபோது
திரை கேட்டது:
"இந்தப் பொதுக்கோப்பை
வேறு எதுவும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை.
அழிக்கலாமா?"

பெயரைப் பார்த்தாள்.
எட்டு எழுத்து, ஒரு புள்ளி, பிறகு டி.எல்.எல்.
தேதி, அவள் மகன் பிறந்த வருஷம்.
ஆம் என்று அழுத்தினாள்.

பூட்ஸின் பனியை உதறிவிட்டு
மாலையில் உட்கார்ந்தான் ராய்வோ.
வரைபடம் திறந்தது.
கோணத்தைக் கேட்டால் மட்டும்
வாய் திறக்கவில்லை.

அவனுடைய செருகுநிரல்
என்றோ பென்டிரைவிலிருந்து
அவனே இழுத்துப் போட்டது;
பதிவேட்டில் ஏறாதது.
சாய்ந்திருந்தது அதே கோப்பின்மேல்.

காலையில் விசைப்பலகை மேல் ஒரு சீட்டு:
"அது எனக்கும் வேண்டியிருந்தது."

அதன் கீழே எழுதினாள்:
"கணினிக்கு உன்னைத் தெரியாதாம்."