பிரபஞ்சம் முழுவதற்கும்

நேர்காணல் முடிந்ததும் ஒருவரும் எழும்பக்கூடாது.
முப்பது விநாடி.
ஓரெஸ்ட் மைக்கை உயர்த்திப் பிடிப்பான்.
அறை தன்பாட்டில் கதைக்கத் தொடங்கும்:
பிரிட்ஜ், சுவருக்குள் தண்ணீர்க் குழாய்,
பார்ட்டன் வீதியில் பெருமூச்சுவிட்டு நிற்கும் பஸ்.
வெட்டிய வாக்கியங்களுக்கு நடுவே
விழும் ஓட்டையை அடைக்க இது வேண்டும்.
அந்த வீட்டு மௌனம்தான் அந்த வீட்டுப் பேச்சில் ஒட்டும்.
பக்கத்து வீட்டினது பொருந்தாது; காது பிடித்துவிடும்.

ஹமில்டனில் இருபத்தாறு வருசம்
ஒரு தொலைக்காட்சிக்காக இப்படி வீடு வீடாகப் போனேன்.
கலியாண வீடுகளில் கேட்பார்கள்,
செய்தி வாசிக்கிற பிள்ளையோ?
இல்லை.
பிறத்தியாரின் கெட்ட நாட்களை
நாற்பத்துநாலு நிமிடத்துக்கு நறுக்குகிற பிள்ளை.

லெமிங்டனில் தக்காளிக் கண்ணாடிக்கூடங்களை எடுத்தோம்.
ஒரு அறைக்குள் பதினாலு கட்டில்.
படம் போன மறுவாரம் முதலாளி மெத்தைகளை மாற்றினார்.
பேட்டி தந்த ஹசிந்தோவை
அடுத்த வசந்தத்துக்குக் கூப்பிடவில்லை.
விருது விண்ணப்பத்தில்
‘ஏற்படுத்திய மாற்றம்’ என்று ஒரு கட்டம்.
மெத்தைகள் என்று நிரப்பினேன்.
விருது கிடைத்தது.

டார்லீனின் நிலவறை வீட்டில்
பூஞ்சணம் சுவரேறிக் கூரையைத் தொட்டிருந்தது.
தெளிவாகச் சொன்னாள், ஒரு தடவையும் அழாமல்.
அழுதால் நல்லது என்று நினைத்தேன்.
அதையும் இங்கே சொல்லிவிட வேண்டும்.
மகன் பிரேடனுக்கு ஆறு வயது,
கையில் ஆஸ்துமா பம்ப்.
உதட்டில் விரல் வைத்து அவனுக்கு நான்தான் காட்டினேன்.
அவன் மூச்சையே நிறுத்திக்கொண்டான்.
இருபத்திரண்டாவது விநாடியில்
தண்ணீருக்கு அடியிலிருந்து எழுந்தவன்போல்
ஒரு இழுப்பு.
இன்னொரு தடவை, என்றான் ஓரெஸ்ட்.

பிறகு படிவம்.
இன்றுள்ள ஊடகங்களிலும்
இனிக் கண்டுபிடிக்கப்படப் போகிறவற்றிலும்
காலவரையறையின்றி
பிரபஞ்சம் முழுவதற்கும்.
டார்லீன் சிரித்தாள்.
செவ்வாய்க்கிரகத்திலும் என் சமையலறையைப் பார்ப்பார்களா?
சும்மா ஒரு வழக்கம்தான், என்றேன்.
பேனையும் நான்தான் கொடுத்தேன்.

பதினாலு வருசம் கழித்து
ஒரு புதன்கிழமை பிரேடன் அழைத்தான்.
கூரை வேலை செய்கிறானாம்.
உடன் வேலை செய்கிறவர்கள் படத்தைக் கண்டுபிடித்துவிட்டார்கள்.
‘பூஞ்சணம்’ என்றுதான் இப்போது கூப்பிடுகிறார்கள்.
கோபமாகச் சொல்லவில்லை.
அந்தப் பகுதியை மட்டும் எடுக்க முடியுமா, மேடம்?

எழுதிக் கேட்டேன். இரண்டு வரியில் பதில் வந்தது.
படம் எங்களுடையது. கையொப்பம் தாயினுடையது.

அன்றிரவு பழைய வன்தட்டைத் தேடி எடுத்தேன்.
டார்லீன் சொன்ன எதையும் போட்டுக் கேட்கவில்லை.
பாவிக்காமல் விட்ட அந்த முப்பது விநாடியை மட்டும்.
பிரிட்ஜ். குழாய். பஸ்.
இருபத்திரண்டு வரும் முன்னே
என்னுடைய மூச்சு நின்றிருந்தது.

அதற்குப் பிறகான படத்தில்,
கூடாரத்தில் இருந்த ஒரு பெண்ணிடம் போகுமுன்
காருக்குள் வைத்தே படிவத்தில்
பிரபஞ்சத்தை வெட்டினேன்.
கனடா, ஐந்து வருடம்,
வேண்டாம் என்றால் வேண்டாம்
என்று நீல மையில் எழுதினேன்.
என் கையெழுத்து அழகில்லை. ஆனாலும் வாசிக்கலாம்.

ரொறன்ரோவிலிருந்து சட்டப் பிரிவு அழைத்தது.
யாரைக் கேட்டு மாற்றினீர்கள்?
சொல்ல ஒரு பெயர் இருந்தது, சொல்லவில்லை.
அவர் பொறுத்துப் பார்த்தார்.
இருக்கிறீர்களா, என்றார்.

இருந்தேன்.
அவருடைய அறையைக் கேட்டுக்கொண்டிருந்தேன்:
காற்றுக்குழாய்,
லிஃப்டின் மணி,
தூரத்தில் யாரோ சிரித்து முடிக்கிறார்கள்,
தடித்த கம்பளம்.